ஆயிரம் பெண்மக்களின் தாய்: எலிசா அக்னியூ அம்மையார் (1807 – 1883)

நம் சங்கத்தின் நூற்றாண்டு மலருக்கு ஒரு கட்டுரை தரும்படி மலர்க்குழுவினர் கேட்டபோது, நறுவிலிக்குளத்திலும் அயலிலும் வாழும் பழைய மாணவிகளாகிய நாங்கள் ஒரு பின்னேரம் கூடியிருந்து யோசித்தோம். பாடசாலையின் வரலாற்றை எழுத வேறு பலர் இருக்கிறார்கள். வடபகுதியில் பெண் பிள்ளை ஒருத்தி வீட்டை விட்டு விடுதிக்குப் போய்ப் படிக்கலாம் என்ற வழக்கம் எப்படி உண்டானது, அதைக் காப்பாற்றியவர்கள் யார் என்று எழுதினால் நல்லது என எங்களுள் மூத்தவர் சொன்னார். அப்படிப் பேசும்போது முதலில் வந்த பெயர்களுள் ஒன்று உடுவிலில் நாற்பது ஆண்டுகள் பணியாற்றிய எலிசா அக்னியூ அம்மையாருடையது.

எங்கள் கரை கத்தோலிக்கக் கரை. எங்களுட் பெரும்பாலோர் மடு மாதாவின் பிள்ளைகள். பிரெஸ்பிற்றேரியன் சபையில் வளர்ந்த ஓர் அமெரிக்கப் பெண்மணியின் வாழ்க்கையை நாங்கள் எழுதுவது சிலருக்குப் புதுமையாகத் தோன்றலாம். ஆனால் எங்களுக்கு அகரம் காட்டிய ஆசிரியைகளுள் உடுவிலிற் படித்தவர்கள் இருந்தார்கள். அவர்களுக்குக் கற்பித்தவர்களுக்குக் கற்பித்தவர்கள் யார் என்று பின்னோக்கிப் போனால் அக்னியூ அம்மையாரின் வகுப்பறையில் போய் நிற்போம். அந்தக் கடனை நினைத்தே இதை எழுதுகிறோம்.

ஒல்லாந்தர் விட்டுச்சென்றது

அம்மையாரின் பணியின் அருமையை அறிய, அவருக்கு முன் இங்கே நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். 1658 ஆம் ஆண்டு ஒல்லாந்தர் மன்னாரையும் யாழ்ப்பாணத்தையும் போர்த்துக்கேயரிடமிருந்து கைப்பற்றினார்கள். அவர்களுடைய சீர்திருத்தத் திருச்சபை, மூப்பர்களைக் கொண்டு சபையை ஆளும் பிரெஸ்பிற்றேரியன் முறையைச் சேர்ந்தது. பல்டேயஸ் என்ற குருவானவர் யாழ்ப்பாணத்தில் இருந்து பணி செய்து, பின்னர் தம் நூலில் இப்பகுதிச் சபைகளைப் பற்றி விவரமாக எழுதினார். மன்னார்த் தீவிலும், எதிர்க்கரையில் மாந்தை, நானாட்டான், அரிப்பு முதலிய எங்கள் அயலூர்களிலும் அன்று கோயிலும் பாடசாலையும் சேர்ந்தே நடந்தன. பிள்ளைகளின் பெயர்கள் பதியப்பட்டன. ஞானஸ்நானம் பெற்றவர்களின் தொகை ஆயிரக் கணக்கில் எழுதப்பட்டது.

ஆனால் அந்தத் தொகையிற் பெரும் பகுதி பதிவேட்டில் மட்டுமே இருந்தது. உத்தியோகம் வேண்டியவரும் காணி உரிமையைக் காக்க விரும்பியவரும் பெயரைக் கொடுத்தார்கள்; வீட்டுக்குள் பழைய வழிபாடு தொடர்ந்தது. 1796 அளவில் கரையோரம் முழுவதும் ஆங்கிலேயர் கைக்கு மாறியதும் இப்பக்கத்துத் தமிழ்ச் சபைகள் கரைந்து போயின. சைவர்கள் கோயில்களை எழுப்பினார்கள். எங்கள் முன்னோர், ஒல்லாந்தர் தடுத்த காலத்திலும் 1687 இல் வந்த யோசேவ் வாஸ் அடிகளாரைப் போன்றோரின் துணையால் மறைவாகக் காத்துவந்த கத்தோலிக்க வழிபாட்டை வெளிப்படையாகச் செய்யத் தொடங்கினார்கள். உடுவில், தெல்லிப்பழை, வட்டுக்கோட்டை ஆகிய இடங்களில் பழைய கோயிற் கட்டடங்கள் கூரையிழந்து நின்றன.

வீட்டுக்குள் வேர்விட்டது நின்றது. ஆணையால் வந்தது ஆணையோடு போனது. அக்னியூ அம்மையாரின் வாழ்வு முழுவதும் இந்த உண்மைக்கு விளக்கம் போல அமைந்தது.

தேசப்படத்தின் முன் ஒரு சிறுமி

எலிசா அக்னியூ 1807 ஆம் ஆண்டு மாசி மாதம் 2 ஆம் திகதி நியூயோர்க் நகரிற் பிறந்தார். எட்டு வயதில், பூமிசாத்திர வகுப்பில் ஆசிரியை தேசப்படத்தை விரித்து, கிறிஸ்துவை அறிந்த நாடுகள் இவை, அறியாத நாடுகள் இவை என்று காட்டினாராம். அந்த வகுப்பிலேயே, கடவுளுக்குச் சித்தமானால் தானும் ஒரு மிஷனரியாகப் போவது என்று அச்சிறுமி தீர்மானித்தார். பின்னர் நியூயோர்க்கின் பிரெஸ்பிற்றேரியன் சபையொன்றில் அங்கத்தவரானார்.

சிறு வயதில் எடுக்கும் தீர்மானங்கள் பல மறுவாரமே மறந்துபோகும். இவருடையது இருபது ஆண்டுகளுக்கு மேல் காத்திருந்தது. தாய் தகப்பனைப் பராமரிக்க வேண்டியிருந்ததால் முப்பது வயது வரை வீட்டிலேயே இருந்தார். பெற்றோர் காலமான பின்பே தன் விருப்பத்தை மிஷன் சங்கத்துக்குத் தெரிவித்தார். மணமாகாத பெண்ணைத் தனியே கடல் கடந்து அனுப்புவது அக்காலத்தில் அமெரிக்காவிலும் அரிது. மிஷனரி ஒருவரின் மனைவியாகப் போவதே பெண்ணுக்குரிய வழி என்று கருதப்பட்டது.

அவரை அனுப்பிய அமெரிக்க மிஷன் சங்கம் 1810 இல் உண்டானது. ஒவ்வொரு சபையும் தன்னைத் தானே ஆளும் கொங்கிறிகேஷனல் சபையார் அதில் முதன்மையாக இருந்தனர். பிரெஸ்பிற்றேரியன் சபையாரும் சேர்ந்து பணம் தந்து ஆள் அனுப்பினர். 1837 இல் அமெரிக்கப் பிரெஸ்பிற்றேரியன் சபை இரண்டாகப் பிளந்தது. பழைய கட்சியார் விலகித் தமக்கென ஒரு மிஷன் சங்கத்தை வைத்துக்கொண்டார்கள். புதிய கட்சியார் பொதுச் சங்கத்தோடு தொடர்ந்தார்கள். தாய்நாட்டில் சபைகள் பிரிந்துகொண்டிருந்த அந்த வேளையிலேயே, 1839 இன் நடுப்பகுதியில், எலிசா அக்னியூ பொஸ்ரன் துறைமுகத்திற் கப்பலேறினார். சுயஸ் கால்வாய் வெட்டப்படாத காலம். நன்னம்பிக்கை முனையைச் சுற்றி வந்து 1840 தை மாதத்தில் இலங்கையை அடைந்தார். அப்போது அவருக்கு வயது முப்பத்திரண்டு.

உடுவில் வளவு

அமெரிக்க மிஷனரிமார் 1816 இல் யாழ்ப்பாணம் வந்து தெல்லிப்பழையிலும் வட்டுக்கோட்டையிலும் பணி தொடங்கியிருந்தார்கள். 1820 இல் உடுவிலில் வின்சிலோ, ஸ்போல்டிங் குடும்பத்தார் குடியேறினர். பெண் பிள்ளைக்கு எழுத்து எதற்கு என்பதே அன்றைய ஊரின் கேள்வி. ஆண் பிள்ளைகளுக்கு ஊர்தோறும் பாடசாலை நடத்த முடிந்த மிஷனரிமாருக்கு ஒரு பெண் பிள்ளையை வகுப்பில் இருத்துவது பெரும் பாடாயிருந்தது. ஹரியற் வின்சிலோ அம்மையார் பொறுமையோடு முயன்று 1824 இல் உடுவிலிற் பெண்கள் விடுதிப் பாடசாலையை நிறுவினார். ஆசியாவின் மிகப் பழைய பெண்கள் விடுதிப் பாடசாலைகளுள் அது ஒன்று. 1833 இல் அவர் காலமானார். பின்பு ஸ்போல்டிங் அம்மையார் அதைத் தாங்கி நடத்தினார். அந்தப் பொறுப்பே அக்னியூ அம்மையாரின் கைக்கு வந்தது.

முதலில் அவர் செய்ய வேண்டியது தமிழ் கற்பது. பிறகு, பிள்ளைகளோடு ஒரே வளவில் இருந்து அவர்களின் எழுப்புதல், உணவு, படிப்பு, தையல், செபம், நோய் எல்லாவற்றையும் பார்ப்பது. விடுதியில் இருந்த நமக்கு இதன் பாரம் விளங்கும். ஆசிரியையின் வேலை மணி அடித்ததும் முடிந்துவிடும். விடுதித் தலைவியின் வேலைக்கு மணி இல்லை. நடுச்சாமத்தில் ஒரு பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் விளக்கோடு வருபவர் அவர்தான். தாயை நினைத்து அழும் பிள்ளையின் தலைமாட்டில் இருப்பவரும் அவர்தான். இந்த வேலையை அவர் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் செய்தார்.

பெற்றோரின் அச்சமும் சிறிதல்ல. எங்களுள் ஒருவர் தகரப் பெட்டியோடு முதன்முதல் விடுதிக்குப் புறப்பட்ட நாளில் அவருடைய அம்மம்மா படலையைப் பிடித்துக்கொண்டு அழுததை இன்றும் சொல்லுவார். பேத்தி மூன்று மாதத்தில் விடுமுறைக்கு வருவாள் என்று அவருக்குத் தெரியும், அப்படியிருந்தும் அழுதார். 1840 களில் உடுவிலுக்குப் பிள்ளையை விட்ட தாய்க்கு அந்த நிச்சயம்கூட இல்லை. வேறு குசினியிற் சமைத்ததைப் பிள்ளை உண்கிறாள், சாதி என்னாகும்? வேதக்காரியாகித் திரும்பினால் யார் கட்டுவார்? ஊர் என்ன சொல்லும்? இந்தக் கேள்விகளோடுதான் அவர்கள் விட்டுப்போனார்கள்.

மிஷனரிமார் செய்தவற்றில் இன்று நமக்கு உவப்பில்லாதவையும் உண்டு. அமெரிக்காவில் ஒரு பிள்ளையின் செலவைப் பொறுப்பேற்ற உபகாரியின் விருப்பப்படி இங்கே அப்பிள்ளைக்குப் பெயர் இடப்பட்டது. தாய் தகப்பன் வைத்த தமிழ்ப் பெயர் வழக்கொழிந்து, கண்டறியாத ஊர்ப் பெண்ணின் பெயர் அவளோடு ஒட்டிக்கொண்டது. தொடக்க காலத்திற் படிப்பை முடித்துக் கிறிஸ்தவரை மணக்கும் பெண்ணுக்கு மிஷன் ஒரு சிறு சீதனமும் கொடுத்தது. சீதனமின்றிக் கலியாணம் நடவாத நாட்டில் அது பிள்ளைக்குப் பாதுகாப்பு என்று அவர்கள் நினைத்தார்கள். அதே சீதனம் பெற்றோரை இழுக்கும் தூண்டிலாகவும் பார்க்கப்பட்டது. சைவப் பிள்ளைகளுக்குச் சைவச் சூழலிற் கல்வி வேண்டும் என்று ஆறுமுக நாவலர் 1848 இல் வண்ணார்பண்ணையிற் பாடசாலை தொடங்கியதற்கு இத்தகைய மனக்குறைகளும் காரணம். இவற்றை மறைத்து எழுதினால் அம்மையாருக்கும் அது பெருமை சேர்க்காது.

ஆங்கிலம் நிறுத்தப்பட்ட ஆண்டு

அம்மையாரின் பணியில் வந்த பெரிய சோதனை வெளியாரால் வந்ததல்ல. தம்மை அனுப்பிய சங்கத்தாலேயே வந்தது. 1855 இல் சங்கத்தின் செயலாளர் றூபஸ் அன்டர்சன் யாழ்ப்பாணம் வந்து எல்லாவற்றையும் பார்வையிட்டார். மிஷன் கல்லூரி நடத்துவது அரசாங்கத்துக்கு எழுதுவினைஞர்களை உண்டாக்குவதற்கல்ல. கிராமங்களில் தம் காலில் நிற்கும் சபைகளையும் தமிழ்க் குருமாரையும் உண்டாக்குவதே நோக்கம். அதற்குத் தாய்மொழி போதும் என்பது அவர் கொள்கை. அதன்படி, 1823 இல் தொடங்கிப் பெரும் புகழ் பெற்றிருந்த வட்டுக்கோட்டை செமினறி மூடப்பட்டது. உடுவில் மூடப்படவில்லை, ஆனால் பிள்ளைகளின் தொகை குறைக்கப்பட்டு, படிப்பு தமிழில் மட்டும் என்றாயிற்று. கிராமச் சபைகளின் உபதேசிமாருக்கும் ஆசிரியர்களுக்கும் தகுந்த மனைவியரை ஆயத்தஞ் செய்யும் இடம் என்ற அளவிற்கு அது சுருங்கியது.

அன்டர்சனின் கொள்கையில் நியாயமும் இருந்தது. அதனால் தமிழ்க் குருமார் அபிஷேகம் பெற்றார்கள்; சபைகள் தம் குருவானவருக்குத் தாமே சம்பளம் கொடுக்கப் பழகின. ஆனால் ஆங்கிலம் ஆட்சிமொழியாயிருந்த நாட்டில் தம் பிள்ளைகளின் கதவு அடைக்கப்பட்டது என்று மக்கள் மனம் வருந்தினார்கள். ஆண்களுக்கு 1872 இல் யாழ்ப்பாணக் கல்லூரி வந்து அந்தக் குறையைத் தீர்த்தது. அந்த இடைக்காலம் முழுவதும் உடுவில் சிறிதாகச் சுருங்கிய நிலையிலும் அணையாமல் இருந்தது. அம்மையார் வேறிடம் போகவில்லை. ஊருக்கு ஒரு முறையேனும் போய்வரவும் இல்லை. இலங்கைக்கு வந்த நாளிலிருந்து இறந்த நாள் வரை நாற்பத்துமூன்று ஆண்டுகள் அவர் நியூயோர்க்கைத் திரும்பிப் பார்க்கவில்லை.

1870 இல் அமெரிக்காவிற் பிரிந்திருந்த பிரெஸ்பிற்றேரியன் கட்சிகள் மீண்டும் ஒன்று சேர்ந்தன. புதிய கட்சியார் பொதுச் சங்கத்தை விட்டு நீங்கி, சீரியா, பாரசீகம் முதலிய நாடுகளின் மிஷன்களைத் தம் பொறுப்பில் எடுத்துக்கொண்டார்கள். யாழ்ப்பாண மிஷன் பழைய சங்கத்தோடேயே நின்றது. பிரெஸ்பிற்றேரியன் சபையிலிருந்து வந்த அம்மையார் உடுவிலிலேயே நின்றார். எந்தச் சபை முறை சரி என்ற வழக்கு அவருடைய வளவுக்குள் வரவில்லை. அங்கே ஒரே திருவிருந்து மேசைதான் இருந்தது.

மூன்று தலைமுறை

விடுமுறைக் காலங்களில் அவர் ஓய்ந்திருக்கவில்லை. மணமுடித்துப் போன மாணவிகளைத் தேடி ஊரூராகப் போனார். அவர்களுடைய திண்ணையிலிருந்து பேசி, மாமியாரையும் அயற்பெண்களையும் அழைத்து வேதம் வாசித்தார். தம் பிள்ளைகள் தம் பிள்ளைகளாகவே இருக்கவேண்டும் என்பது அவர் எண்ணம். முதல் மாணவிகளின் மகள்மார் படிக்க வந்தார்கள். பின் அவர்களுட் சிலரின் மகள்மாரும் வந்தார்கள். இப்படி மூன்று தலைமுறையினருக்கு ஒருவரே கற்பித்தார்.

அவருடைய கடைசிக் காலத்தில் உடனிருந்த மேரி லீச், மார்கரெட் லீச் சகோதரிகள் எழுதிவைத்தபடி, அவர் காலத்திற் படித்த பெண்கள் ஆயிரத்துக்கு மேற்பட்டவர்கள். அவர்களுள் அறுநூறு பேருக்கு மேற்பட்டோர் கிறிஸ்தவர்களாக வெளியேறினார்கள். உபதேசிமார், குருமார், ஆசிரியர்கள், வைத்தியர்கள், உத்தியோகத்தர்கள், வியாபாரிகள் ஆகியோரின் இல்லத்தலைவிகளாகவும், கிராமப் பாடசாலை ஆசிரியைகளாகவும், வீடு வீடாகப் போய் வாசிக்கக் கற்பிக்கும் வேத ஸ்திரீகளாகவும் அவர்கள் பரந்தார்கள். ஆயிரம் பெண்மக்களின் தாய் என்ற பெயர் அவருக்கு அப்படி வந்தது.

இந்தப் பெண்கள் சபைக்குச் செய்ததைக் கணக்கேட்டிற் காண்பது கடினம். ஞானஸ்நானப் பதிவில் தலைவனின் பெயர் முன்னே வரும். மூப்பர் சபையில் ஆண்களே இருந்தார்கள். ஆனால் வீட்டில் பிள்ளைக்குச் செபம் சொல்லிக்கொடுத்தவள் தாய். உலையில் அரிசி போடுமுன் ஒரு பிடியை வேறாக எடுத்து வைத்தவளும் அவளே. அந்தப் பிடியரிசி சபைக்குச் சேர்ந்து காசாகியது. யாழ்ப்பாணத்துக் கிறிஸ்தவர்கள் 1847 இல் தாமாகவே ஒரு சுவிசேஷ சங்கத்தை அமைத்து நெடுந்தீவு முதலிய தீவுகளுக்கு ஊழியரை அனுப்பினார்கள். பின்னாளில் கடலுக்கு அப்பால் தொண்டிக்கும் போனார்கள். மிஷனால் வந்த சபை தானே மிஷன் அனுப்பும் சபையானதில் குசினிகளின் பங்கு பெரிது.

ஒல்லாந்தர் காலச் சபைக்கு இல்லாதிருந்தது இதுதான். அன்று தாய்மாருக்கு எழுத்துத் தெரியாது. வழிபாடு அவர்களின் சொந்தமாகவில்லை. ஆதலால் காற்று மாறியதும் சபை கலைந்தது. உடுவிலிற் படித்த பெண்ணின் வீட்டிலோ வேதாகமம் அடுக்களைத் தட்டில் இருந்தது.

மானிப்பாயில் கடைசி நாட்கள்

தம்மோடு உழைத்த ஸ்போல்டிங் போதகர் 1873 இலும் அவர் மனைவியார் அடுத்த ஆண்டிலும் காலமானார்கள். மானிப்பாயில் தமிழ் மூலம் மேலை வைத்தியம் கற்பித்த டொக்டர் கிறீன் 1873 இல் தாய்நாடு திரும்பினார். பழைய முகங்கள் ஒவ்வொன்றாக மறைய, அம்மையாரும் 1879 இல் தம் பொறுப்பை சூசன் ஹவ்லண்ட் அம்மையாரிடம் ஒப்படைத்தார். எழுபத்திரண்டு வயதிலும் அவர் அமெரிக்காவுக்குப் போக எண்ணவில்லை. மானிப்பாயில் லீச் சகோதரிகளோடு தங்கினார். தம் மாணவிகள் வந்து பார்ப்பதும் அவர்களுக்காகச் செபிப்பதுமாக அந்த நாட்கள் கழிந்தன.

1883 ஆனி மாதத்தில் அவர் நோய்வாய்ப்பட்டுப் படுத்தார். முடிவு நெருங்கியபோது பக்கத்திலிருந்த மிஷனரி, செபிக்கலாமா, எதற்காகச் செபிக்க வேண்டும் என்று கேட்டாராம். அம்மையார் தமக்காக ஒன்றும் கேட்கவில்லை. யாழ்ப்பாணத்துப் பெண்கள் கிறிஸ்துவிடம் வரவேண்டும் என்று மன்றாடும்படி மட்டும் கேட்டார். எட்டு வயதில் தேசப்படத்தின் முன் எடுத்த தீர்மானமும் எழுபத்தாறு வயதில் படுக்கையிற் கேட்ட மன்றாட்டும் ஒன்றாகவே இருந்தன.

பிற்காலத்தில் அந்தச் சபைகளின் பெயர்கள் மாறின. 1908 இல் பிரெஸ்பிற்றேரியன் சபையாரும் கொங்கிறிகேஷனல் சபையாரும் இணைந்து தென்னிந்திய ஐக்கிய திருச்சபை அமைந்தபோது யாழ்ப்பாணச் சபைகளும் அதிற் சேர்ந்தன. 1947 இல் அது தென்னிந்தியத் திருச்சபையாயிற்று. யாழ்ப்பாண ஆதீனத்தின் முதற் பேராயராக சபாபதி குலேந்திரன் அவர்கள் பொறுப்பேற்றார்கள். பெயர் எதுவானாலும் அந்தச் சபைகள் பிறகு வந்த யுத்தத்தையும் இடப்பெயர்வையும் கடந்து நிற்கின்றன. எங்கள் கரையும் அதே துன்பத்தைக் கண்டது. கோயிற் கூரை போன நாட்களில், மரத்தடியில் பிள்ளைகளை இருத்திச் செபமாலை சொன்னவர்கள் எங்கள் தாய்மார். ஆகவே அம்மையார் எதை நம்பி நாற்பது ஆண்டுகள் ஓரிடத்தில் இருந்தார் என்பது, வேறு சபையைச் சேர்ந்த எங்களுக்கும் நன்றாக விளங்குகிறது.

நறுவிலிப் பழத்தின் பிசினைக் கொண்டு சிறுவயதிற் கொப்பித்தாள் ஒட்டியவர்கள் நாங்கள். கைக்கு எளிதாகக் கிடைப்பது. ஆனால் பிடித்தால் விடாது. அம்மையாரின் பணியும் அந்த வகையானதே. இந்த நூற்றாண்டு நாளில் நம் சங்கத்தின் தங்கைமாரிடம் நாங்கள் ஒன்று கேட்கிறோம். இந்தக் கரையில் இன்னும் படிப்பை இடையில் விட்டுவிடும் பெண் பிள்ளைகள் இருக்கிறார்கள். ஒவ்வொருவரும் அப்படி ஒரு பிள்ளையின் வீட்டுத் திண்ணைக்கு ஒரு முறை போய் இருந்து, தாயோடு பேசுங்கள். அக்னியூ அம்மையார் விடுமுறைகளிற் செய்த வேலை அதுவே. நூற்றாண்டைக் கொண்டாட அதைவிட நல்ல வழி எங்களுக்குத் தெரியவில்லை.

நறுவிலிக்குளத்திலும் அயலிலும் வாழும்
பழைய மாணவிகள்